ஸ்லைடை மூடிவிட்டுப் பேசுவோம்

2020 மார்ச்சில் அமெரிக்க ஸ்டார்ட்-அப் வளர்ப்பு அமைப்பான ஒய் காம்பினேட்டர், நிறுவனர்கள் முதலீட்டாளர்கள் முன் பேசும் தன் டெமோ டேயை இணையத்துக்கு மாற்றியது. அடுத்து வந்த கோடைக்கால நிறுவனர் அணியை முழுக்கவே தொலைவிலிருந்து நடத்தியது. பின்னர் நேரடிச் சந்திப்புக்குத் திரும்பிவிட்டது. இதைக் காட்டி, ‘வீடியோவில் மென்ட்டரிங் எடுபடாது’ என்று மென்ட்டர்களான நம்மில் பலர் முடிவுகட்டிவிட்டார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த அமைப்பு இருக்கும் சான் பிரான்சிஸ்கோவில் மூன்று மாதம் தங்க வசதியுள்ளவர்களுக்கு நேரடிச் சந்திப்பு சரி. ராமநாதபுரத்தில் தொழில் தொடங்கியவருக்கு வாராவாரம் சென்னைப் பயணம் கட்டுபடியாகுமா?

கோளாறு பெரும்பாலும் நாம் அழைப்பை நடத்தும் விதத்தில்தான். நிறுவனர் ஸ்கிரீன் ஷேர் செய்ததும் முகங்கள் ஓரத்தில் தபால்தலை அளவுக்குச் சுருங்கிவிடுகின்றன. முக்கால் மணி நேர அழைப்பில் பாதி, ஏற்கெனவே படித்திருக்க வேண்டிய ஸ்லைடுகளிலேயே கரைகிறது. கையிருப்புப் பணம், மாதச் செலவு, இந்த வாரம் சிக்கிய இடம் எல்லாம் ஒரு பக்கத்தில் முந்தைய நாளே வரட்டும். வராவிட்டால் அழைப்பைத் தள்ளிவையுங்கள். கடுமைதான், ஆனால் இரண்டு தடவை தள்ளிவைத்தால் மூன்றாம் தடவை பக்கம் வந்துவிடும்.

அடுத்தது மௌனம். நேர்ப்பேச்சில் ஒருவர் முடித்து மற்றவர் தொடங்கும் இடைவெளி சுமார் 200 மில்லி விநாடிதான். ஒலி ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் போய்ச்சேரும் தாமதம் 150 மில்லி விநாடிக்குள் இருந்தால் பேச்சு பெரும்பாலும் தடங்கலின்றி ஓடும் என்கிறது சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியம். சிக்னல் திணறும் ஊரில் அதெல்லாம் எங்கே! தாமதத்தை மென்ட்டர் தயக்கமாக எடுத்துக்கொள்கிறார்; தானே பதிலும் சொல்லிவிடுகிறார். நிறுவனரும் ‘ஆமாம் சார்’ என்று அடங்கிவிடுகிறார். கேள்வி கேட்டபின் மனதுக்குள் ஐந்து எண்ணுங்கள். இரண்டு நிறுவனர்கள் இருந்தால் ஒரே லேப்டாப் முன் நெருக்கியடித்து உட்கார விடாதீர்கள். தனித்தனிப் போனில் வரட்டும். ஒருவர் சம்பளம் பற்றிப் பேசும்போது மற்றவர் முகம் எப்படிப் போகிறது என்பதை நேர்ச்சந்திப்பைவிட இதில் தெளிவாகப் பார்க்கலாம்.

உண்மையில் தொலைவில் நாம் இழப்பது மென்ட்டர்கள் டீ குடிக்கும் நேரத்தில் தங்களுக்குள் பேசிக்கொள்வதை. அது இல்லாததால், ஒரு மென்ட்டர் விலையை ஏற்று என்பார், இன்னொருவர் இலவசமாகக் கொடு என்பார். இருவருக்கும் அடுத்தவர் சொன்னது தெரியாது. மென்ட்டரிங் திட்டத்தின் மேலாளர் ஒவ்வொரு அழைப்பின் குறிப்பையும் எல்லா மென்ட்டர்களுக்கும் அனுப்ப வேண்டும். மாதம் ஒருமுறை நிறுவனர்கள் இல்லாமல் மென்ட்டர்கள் மட்டும் அரை மணி நேரம் பேச வேண்டும். அதற்கும் நேரமில்லை என்கிற மென்ட்டரை, எவ்வளவு பெரிய பெயராக இருந்தாலும், அடுத்த அணிக்கு அழைக்க வேண்டியதில்லை.