தொலைத்துவிட்டு எதற்குப் பெருமை?



"உலகத்திலேயே பெரிய டைனோசர் நம்ம அரியலூர்லதான் வாழ்ந்துச்சு! தமிழனா இருந்தா பகிரவும்" என்ற செய்தி இந்த வாரம் மூன்று குழுக்களில் வந்துவிட்டது. நான் பகிரப்போவதில்லை.

கல்லமேட்டில் கிடைத்த எலும்புகளுக்கு 1987-இல் புருஹத்காயோசாரஸ் என்று பெயர் வைத்தார்கள். பெரிய உடல்கொண்ட பல்லி என்று பொருள். அந்த எலும்புகள் இன்று எங்கே? நொறுங்கிப் போய்விட்டன. சில படங்கள்தான் மிச்சம். எலும்பே இல்லாததால் அதன் அளவை யாராலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. தொலைத்த பொருளை வைத்து மார்தட்டலாமா?

அமெரிக்காவில் மாசசூசெட்ஸ் மாநிலத்திலும் இழப்பு நடந்தது. 1910-இல் மிக்னான் டால்போட் என்ற பேராசிரியை கண்டெடுத்த போடோகிசாரஸ் எலும்புகள் 1917 தீ விபத்தில் அழிந்தன. ஆனால் அச்சு எடுத்து வைத்திருந்தார்கள். 2022-இல் அதையே மாநில டைனோசராக அறிவித்தார்கள். கொலராடோவில் ஸ்டெகோசாரஸ் 1982-இல் மாநிலப் புதைபடிவம் ஆனதற்குக் காரணம், நான்காம் வகுப்புப் பிள்ளைகளின் விடாத முயற்சி.

நமக்கு மாநில விலங்கு வரையாடு, பறவை மரகதப்புறா, மரம் பனை, மலர் செங்காந்தள். 2019-இல் தமிழ் மறவன் பட்டாம்பூச்சியும் சேர்ந்தது. புதைபடிவத்துக்கு மட்டும் இடம் இல்லை.

"சின்னம் அறிவித்தால் சோறு கிடைக்குமா?" என்று சிலர் கேட்பீர்கள். பெயர் தெரியாத பொருளை யாரும் காப்பாற்றுவதில்லை, அவ்வளவுதான். 2020-இல் பெரம்பலூர் மாவட்டத்தில் கிடைத்த உருண்டைக் கற்களை டைனோசர் முட்டை என்று ஊரே பரப்பியது. அவை அம்மோனைட் படிவங்கள் என்று அறிஞர்கள் விளக்க வேண்டியதாயிற்று. சுருண்ட ஓடுகொண்ட அந்தக் கடல் உயிரிதான், அங்கே ஒருகாலத்தில் கடல் இருந்ததற்குச் சாட்சி. அதே பூமியில்தான் சிமெண்டுக்காகச் சுண்ணாம்புக்கல் வெட்டுகிறோம். பெயர் தெரியாவிட்டால் சாட்சியும் சேர்ந்து அரைபட்டுப் போகும்.

ஆகவே என் கட்சி இது: இல்லாத டைனோசர் வேண்டாம். பிள்ளைகள் கையில் எடுத்துப் பார்க்கக்கூடிய அம்மோனைட்டை மாநிலப் புதைபடிவமாக அறிவிக்க வேண்டும். ஆசிரியர்களாக இருக்கும் என் மாணவர்களே, உங்கள் வகுப்புப் பிள்ளைகளை முதலமைச்சருக்கு ஆளுக்கொரு அஞ்சலட்டை எழுதச் சொல்லுங்கள். பகிர்வதாக இருந்தால் அந்த அட்டையின் படத்தைப் பகிருங்கள்.

அன்புடன்,
உங்கள் ஆசிரியர்