ஊமைப்படங்கள் ஊமையல்ல

ஒலியற்ற காலத்துச் சலனப்படங்களை ஊமைப்படங்களென்று வழங்குகின்றோம். ஜப்பான் நாட்டைப் பொறுத்தமட்டில் அப்பெயர் பொருந்தாதென்பதே எமது துணிபு. அந்நாட்டார் தம் பழங்கதைகளைத் திரையிற் கண்ட அந்நாளில், திரையின் மருங்கே 'பென்ஷி' என்னும் கதைசொல்லி நின்று, கதையை விரித்துரைத்தும், பாத்திரங்களின் குரலிலே தாமே பேசியும் அவையோரைப் பிணித்தார்.

அத்தகைய படங்கள் பல. 1899-இற் படமாக்கப்பெற்ற 'மோமிஜிகாரி', அரசிளங்குமரி வடிவில் வந்த அரக்கியை வீரனொருவன் எதிர்க்கும் கபுகி நாடகத்தின் பகுதி. 1921-இல் மாகினோ ஷோஸோ இயக்கிய 'ஜிராய்யா' படத்தில், மாயத்தாற் பெருந்தேரையாய் உருமாறும் வீரனாக ஒனோயே மத்ஸுனோஸுகே நடித்தார். 1925-இல் யமமோதோ ஸனாயே வரைந்த சித்திரப்படமாகிய 'உபசுதேயாமா', முதியோரை மலையிற் கைவிடும் கொடுவழக்கைப் பற்றியது. 1929-இல் முராதா யஸுஜி, முதியவரொருவரின் கன்னத்துக் கழலையைப் பூதங்கள் பறித்துக்கொண்ட வேடிக்கைக் கதையை, வெட்டிய காகித உருக்களை அசைத்துப் படமாக்கினார்.

காட்சியே தன் பொருளை உணர்த்துதல் வேண்டும், பென்ஷியின் உரை படக்கலைக்கு இடையூறு என்று அக்காலத்திலேயே ஜப்பானியச் சீர்திருத்தக்காரர் சிலர் கடிந்தனர். புதுக்கதைகளுக்கு அஃது ஒக்கலாம். பழங்கதையோ பிறப்பிலேயே வாய்மொழி. அதன் முடிவை நன்கறிந்த சிறுவரும் மீண்டும் கேட்க விழைவது, சொல்வார் சொல்லும் திறம் நோக்கியே. முதிய தாயை மகன் மலைக்குச் சுமந்தேகும் இடத்து, உரைப்பவர் தாழ்த்தும் குரலும், இடையே விடும் மௌனமும் கதையின் உயிரல்லவோ?

1930-களிற் பேசும்படம் பரவவே, பென்ஷிகள் பிழைப்பிழந்தனர். 1923-ஆம் ஆண்டின் நிலநடுக்கத் தீயும், போர்க்காலக் குண்டுவீச்சும், மக்களின் கவனமின்மையும் படச்சுருள்களுட் பெரும்பாலனவற்றை அழித்தன. எஞ்சியவற்றைக் காப்பகங்கள் பேணுவது போற்றற்குரியதே. ஆயினும், சுருளைக் காத்து உரையைக் கைவிடுதல், பாட்டின் ஏட்டை வைத்துக்கொண்டு பண்ணை இழப்பதனை ஒக்கும். மத்ஸுதா ஷுன்ஸுயியும் அவர்பாற் பயின்ற ஸவாதோ மிதோரியும் போன்றோர் அக்கலை அறவே மாயாவண்ணம் நம் காலத்திற்குக் கொணர்ந்தனர்.

ஆதலின், இப்படங்களைத் திரையிடும் கழகங்களும் கல்லூரிகளும் வெறும் பின்னணி இசையோடு அமையாது, தேர்ந்த கதைசொல்லி ஒருவரையும் அருகே நிறுத்துதல் வேண்டும். ஜப்பானிய மொழி அறியாதார்க்கு அவரவர் மொழியிலேயே சொல்லலாம். மேனாட்டுப் படங்களுக்கும் தம் தாய்மொழியிலே கதை சொல்லித் தம் மக்களை மகிழ்வித்தவரன்றோ அப்பென்ஷிகள்!