எயரெண்டில் நட்சத்திரம் டார்ச் லைட் இல்லீங்க!

'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' பற்றிப் பேச்சு வந்தாலே ஒரு கோஷ்டி கிளம்பிவிடும். "படம் சூப்பர், புத்தகம் செம போர். பக்கம் பக்கமா பாட்டு. பாதியைத் தள்ளிட்டுப் படிச்சாலும் ஒண்ணும் குறையாது."

இந்தக் கோஷ்டி தள்ளிவிடும் பாட்டுகளில் முக்கியமானது, ரிவெண்டலில் பில்போ பாடும் எயரெண்டில் பாட்டு. அதைத் தள்ளிவிட்டு, பின்னால் ஃப்ரோடோ கையில் ஒரு கண்ணாடிக் குப்பி ஒளிவிட்டதும் "ஓ... மந்திர டார்ச் லைட்டா!" என்று ஒரு நக்கல் வேறு.

அந்தக் குப்பியில் இருப்பது எயரெண்டில் நட்சத்திரத்தின் ஒளி. மிடில் எர்த்துக்கு அதுதான் விடிவெள்ளி. கதையின் ஆணிவேரும் அதுதான்.

முதலில் வருஷக் கணக்கைப் பார்க்கலாம். 'தி ஹாபிட்' வந்தது 1937-ல். இந்த நட்சத்திரம் பிறந்தது 1914 செப்டம்பரில்! முதல் உலகப்போர் அப்போதுதான் தொடங்கியிருந்தது. டோல்கீனுக்கு வயது 22, ஆக்ஸ்போர்டில் மாணவர். பழைய ஆங்கிலக் கவிதை ஒன்றில் 'எயரென்டெல்' என்ற சொல் அவரைப் பிடித்துக்கொண்டது. அந்தப் பெயரில் வானத்தில் கப்பல் ஓட்டும் ஒரு மாலுமியைப் பற்றிக் கவிதை எழுதினார். அப்போது ஹாபிட்டும் கிடையாது, மோதிரமும் கிடையாது. 23 வருஷம் மூத்த நட்சத்திரத்தைப் பிற்பாடு ஒட்டிய ஜிகினா என்று எப்படிச் சொல்வது?

1977-ல் வெளியான 'சில்மரிலியன்' முழுக்கதையைச் சொல்கிறது. ஆதியில் உலகுக்கு ஒளி தந்தவை இரண்டு மரங்கள். உங்கோலியன்ட் என்ற ராட்சதச் சிலந்தி அவற்றை உறிஞ்சிக் கொன்றுவிட்டது. மிச்சமான ஒளி சில்மரில் என்ற மூன்று மணிகளில் மட்டும்தான். அதில் ஒன்றை நெற்றியில் கட்டிக்கொண்டு, எல்ஃபுகளுக்கும் மனிதர்களுக்கும் சேர்த்து உதவி கேட்க மேற்குக் கடல் தாண்டிப் போகிறான் எயரெண்டில். உதவி கிடைத்தது. ஆனால் அவனுக்கு ஊர் திரும்ப அனுமதி இல்லை. கப்பலோடு வானத்துக்குப் போய் நட்சத்திரமானான். இரண்டு மகன்களும் அப்பா இல்லாமல் வளர்ந்தார்கள்.

அந்த மகன்களில் ஒருவர்தான் எல்ராண்ட். இன்னொருவன் எல்ராஸ், நூமெனாரின் முதல் அரசன். அந்த மக்கள் நடுக்கடலில் இந்த நட்சத்திரத்தைப் பார்த்துத்தான் நூமெனார் தீவுக்கு வழி கண்டுபிடித்தார்கள். ஆக, எல்ஃபுகளுக்கு அது செத்துப்போன மரங்களின் கடைசி ஒளி. மனிதர்களுக்கு வழிகாட்டி. எல்ராண்டுக்கோ... அப்பா! அவர் வீட்டிலேயே உட்கார்ந்து எயரெண்டிலைப் பற்றிப் பாடுவதற்கு ஒரு தைரியம் வேண்டும் என்று அரகார்ன் பில்போவிடம் சொல்வது இதனால்தான். பாட்டைத் தள்ளியவர்களுக்கு அந்த வரி வெறும் அரட்டை.

இப்போது ஷிலோப் குகைக்கு வரலாம். ஷிலோப் யார்? உங்கோலியன்டின் கடைசி வாரிசு. அம்மா குடித்து அழித்த அதே ஒளியின் ஒரு துளி, மகள் முன்னால் வந்து நிற்கிறது. டார்ச் லைட்டாம், டார்ச் லைட்!

குகைக்குப் போகும் முன், படிக்கட்டில் உட்கார்ந்து சாம் இதை யோசித்துப் பார்க்கிறான். பழைய கதைகளில் வரும் சில்மரில் ஒளிதான் ஃப்ரோடோவிடம் இருக்கிறது, அப்படியானால் அந்தக் கதை இன்னும் முடியவில்லை, தாங்களும் அதற்குள்தான் இருக்கிறோம் என்று அவனுக்கு உறைக்கிறது. ஒரு தோட்டக்காரனுக்கு இவ்வளவு துணிச்சல் எங்கிருந்து வந்தது என்றால், பதில் இங்கே இருக்கிறது. சின்ன வயதில் அவன் பில்போவிடம் பழங்கதை கேட்டவன். நம் கோஷ்டி மாதிரி அவனும் தள்ளிவிட்டிருந்தால்?

படத்தை மட்டும் குறை சொல்வது நியாயமில்லை. பீட்டர் ஜாக்சன் குழுவிடம் 'சில்மரிலியன்' உரிமை இல்லை, நேரமும் இல்லை. சாம் பேசும் கட்டத்தை ஆஸ்கிலியத்துக்கு மாற்றி, சில்மரில் பேச்சையே எடுத்துவிட்டார்கள். அது அவர்கள் பிழைப்பு. ஆனால் படத்தில் இல்லாததால் புத்தகத்திலும் தேவையில்லை என்பது என்ன லாஜிக்?

இதைப் பார்த்துக் காப்பி அடிக்கும் ஃபேன்டசி எழுத்தாளர்களும் பாதிதான் கற்றுக்கொண்டார்கள். இரண்டு நிலா, ஊதா நிறத்தில் ஒரு நட்சத்திரம், வாயில் நுழையாத பெயர். முடிந்தது! அந்த ஊரில் யாரும் அதைப் பார்த்துக் கப்பல் ஓட்டுவதில்லை, குழந்தைக்குக் கதை சொல்வதில்லை, அழுவதுமில்லை.

ஒரு கற்பனை நட்சத்திரம் உண்மையா என்று பார்க்க ஒரே சோதனை போதும். அதை அணைத்துப் பாருங்கள். அந்த உலகத்தில் யாராவது வழி தவறுகிறார்களா? எயரெண்டிலை அணைத்தால் ஒரு தேசத்துக்கே வழி தெரியாது, எல்ராண்டுக்கு அப்பா இல்லை, சாமுக்குத் தெம்பு இல்லை.

அடுத்த தடவை அந்தப் பாட்டு வரும்போது பக்கத்தைத் திருப்பாதீர்கள். மூன்று நிமிஷம்தான் ஆகும்.