கோல் போடாதவருக்கும் ஒரு கோப்பை

நம் சங்கத்தின் ஆண்டு விளையாட்டு விழாவில் கால்பந்துக்கு மூன்று பரிசுகள் தருகிறோம். வென்ற அணிக்கு ஒன்று, இரண்டாவதாக வந்த அணிக்கு ஒன்று, அதிக கோல் போட்ட பிள்ளைக்கு ஒன்று. கோல்கீப்பராக வெயிலில் நின்ற பிள்ளைக்கு எதுவும் கிடையாது. இதைச் செயற்குழுவிலேயே பேசியிருக்கலாம். ஆனால் அங்கே சிற்றுண்டிக் கணக்கு முடிவதற்குள் எல்லோரும் எழுந்துவிடுகிறார்கள். ஆகவே இதழ் வழியாகவே அன்பர்களின் கவனத்துக்குக் கொண்டுவருகிறேன்.

இந்த எண்ணம் எனக்கு வந்தது ஓர் அமெரிக்கரால். ரே கை என்பது அவர் பெயர். அமெரிக்கக் கால்பந்தில் 'பன்டர்' என்றொரு வேலை உண்டு, அதைச் செய்தவர். நம் மும்பையில் பன்டர் என்றால் மகாலட்சுமி ரேஸ் மைதானத்தில் குதிரைமேல் பணம் கட்டுபவர். அங்கே அப்படியல்ல. அவர்கள் ஆட்டத்தில் பந்தை வைத்திருக்கும் அணிக்குப் பத்து கஜம் முன்னேற நான்கு வாய்ப்புகள். மூன்றிலும் முடியவில்லையென்றால், பெரும்பாலும் நான்காவதில் பந்தைக் காலால் உதைத்து எதிரணியின் பக்கம் வெகுதூரம் அனுப்பிவிடுவார்கள். அந்த ஓர் உதைக்காக மட்டும் உள்ளே வருபவர்தான் பன்டர். உதைப்பார், வெளியே போய்விடுவார். நம் அணி ஏதோ சாதித்த வேளையில் அவரைக் கூப்பிடுவதில்லை. முயன்று முடியாமல் போன வேளையில்தான் கூப்பிடுவார்கள்! கைதட்டல் எங்கிருந்து வரும்?

ரே கை 1949-இல் ஜார்ஜியா மாநிலத்தில் பிறந்தவர். 1973-இல் ஓக்லண்ட் ரெய்டர்ஸ் அணி அவரை முதல் சுற்றிலேயே தேர்ந்தெடுத்தது. உதைக்க மட்டும் வரும் ஒருவருக்கு முதல் சுற்றா என்று பலரும் சிரித்தார்களாம். 1986 வரை அதே அணிக்கு 207 ஆட்டங்கள் ஆடினார். ஆயிரத்துக்கும் மேல் உதைத்தார். மூன்று முறை அந்த அணி சூப்பர் பௌல் பட்டம் வென்றது.

அவருடைய சிறப்பு தூரமல்ல, உயரம். சராசரி 42 கஜத்துக்குச் சற்று மேல்; அதைவிட அதிகம் உதைத்தவர்கள் உண்டு. ஆனால் அவர் உதைத்த பந்து வானத்தில் அதிக நேரம் நிற்கும். அது இறங்குவதற்குள் அவருடைய தோழர்கள் ஓடிப்போய் எதிராளியைச் சூழ்ந்துகொள்வார்கள். இந்த உழைப்பு எந்த அட்டவணையிலும் நேராகத் தெரியாது. நியூ ஆர்லியன்ஸ் உள்ளரங்கில் ஒருமுறை அவர் உதைத்த பந்து கூரையிலிருந்து தொங்கிய திரையில் போய் மோதியது. உலகம் அதைத்தான் நினைவில் வைத்துக்கொண்டது, வேடிக்கையாக.

ஓய்வு பெற்று 28 ஆண்டுகள் கழித்து, 2014-இல்தான் அந்த நாட்டுக் கால்பந்துப் புகழ் மண்டபத்தில் அவருக்கு இடம் கிடைத்தது. பன்டராக மட்டுமே ஆடி அங்கே நுழைந்த முதல் ஆள் அவர். அதற்குள் 2011-இல், கடன் நெருக்கடியில், மூன்று சாம்பியன் மோதிரங்களையும் ஏலத்தில் விற்க வேண்டிவந்தது. 2022 நவம்பரில் காலமானார்.

ஆனால் புகழ் மண்டபம் விழித்துக்கொள்வதற்குப் பதினான்கு ஆண்டுகள் முன்பே, 2000-இல், கல்லூரி அணிகளின் சிறந்த பன்டருக்கு 'ரே கை விருது' என்று ஒரு பரிசு ஏற்படுத்திவிட்டார்கள். பெரிய இடத்தில் கதவு திறக்கும்வரை அந்த ஊர்க்காரர்கள் காத்திருக்கவில்லை. என் யோசனைக்கு முன்மாதிரி இதுதான்.

இனி நம் வீட்டுக்கு வருவோம். நாமும் அப்படி ஒருவரை மாட்டுங்காவில் வைத்திருந்தோம். எஸ்.எஸ்.நாராயணன், 'பாபு' என்று கூப்பிடுவார்கள். ஒற்றப்பாலத்தில் பிறந்து மாட்டுங்காவில் வளர்ந்தவர். கூப்பரேஜ் மைதானத்தில் கால்டெக்ஸ் அணிக்கும் டாட்டா அணிக்கும் கோல்கீப்பர். 1956 மெல்போர்ன், 1960 ரோம் என இரண்டு ஒலிம்பிக் போட்டிகளுக்கும் இந்திய அணியில் போனவர். மெல்போர்னில் இந்தியா நான்காவது இடம் பெற்றது. இன்றுவரை அதற்கு மேல் நாம் போகவில்லை. ஆஸ்திரேலியாவை 4-2 என்று வென்றபோது மூன்று கோல் போட்ட நெவில் டிசூசாவும் பம்பாய்க்காரர்தான். அவரைப் பற்றிக் கேள்விப்பட்டவர்கள் நம்மில் சிலர் இருக்கலாம். நாராயணனை? 2021 ஆகஸ்டில் அவர் தாணேயில் காலமானார். நெருளிலிருந்து தாணே எவ்வளவு தூரம்! உயிரோடு இருந்தவரை நம் மேடையில் ஒரு பொன்னாடை போர்த்தியிருக்கலாமே என்று அன்றே மனம் அடித்துக்கொண்டது.

அந்த இரண்டு ஒலிம்பிக் அணிகளிலும் இருந்த மற்ற கோல்கீப்பர் பீட்டர் தங்கராஜ். ஹைதராபாத்தில் பிறந்தவர். ராணுவத்தில் சேர்ந்து மெட்ராஸ் ரெஜிமென்ட் அணிக்கு ஆடினார். முதலில் முன்வரிசையில் கோல் போடுபவராகத்தான் இருந்தார். பிறகுதான் பின்னால் போய் நின்றார். 1955-லும் 1958-லும் அந்த அணி டூரண்ட் கோப்பையை வென்றது. 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டின் இறுதி ஆட்டத்தில், அரங்கமே இந்தியாவுக்கு எதிராகக் கூச்சலிட, தென் கொரியாவை 2-1 என்று வென்றபோது நம் கோலில் நின்றவர் தங்கராஜ். 1967-இல் அர்ஜுனா விருது பெற்றார். முன்வரிசையை விட்டுப் பின்னால் போனவர் கெட்டுப்போகவில்லை என்பதற்காகத்தான் இதைச் சொல்கிறேன்.

சொல்லக் காரணம் உண்டு. சென்ற விழாவில் பன்னிரண்டு வயதுக்குட்பட்டோர் இறுதி ஆட்டம். தோற்ற அணியின் கோலில் நின்றது ஒரு பெண் குழந்தை. பெயர் வேண்டாம். இரண்டு கோல் உள்ளே போயிற்று, உண்மை. நான் எண்ணியவரை ஏழு பந்துகளை அவள் தடுத்தாள், அதுவும் உண்மை. ஏழுக்கும் யாரும் வாய் திறக்கவில்லை. இரண்டாவது கோலின்போது மட்டும் பந்தலடியிலிருந்து பெரியவர்கள் போட்ட சத்தம் சாலைவரை கேட்டது. மறு வாரம் அவள் பயிற்சிக்கு வரவில்லை. அவள் அம்மாவைக் காய்கறிக் கடையில் பார்த்தேன். "மாமா, அடுத்த வருஷம் அவளை ஃபார்வர்டா போடச் சொல்லுங்க. இல்லேன்னா வரவே வேண்டாம். திட்டு வாங்கறதுக்கா அனுப்பறேன்?" என்றாள். அவளைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

நாம் இதைச் செய்வதுதான் எனக்கு விந்தையாக இருக்கிறது. நம் முன்னோர்கள் இந்த ஊருக்கு வந்து பிழைத்தது எந்த வேலையில்? ஷார்ட்ஹேண்டும் டைப்ரைட்டிங்கும் ஹையர் பாஸ் செய்துவிட்டு தாதர் எக்ஸ்பிரஸில் வந்து இறங்கினார்கள். மாட்டுங்காவில் ஓர் அறைக்கு ஆறு பேராகத் தங்கினார்கள். கோட்டைப் பகுதி ஆபீசுகளில் ஸ்டெனோவாகவும் கணக்கராகவும் உட்கார்ந்தார்கள். என் தகப்பனாரும் அப்படித்தான். கடிதத்தில் இருக்கும் நல்ல ஆங்கிலம் அவருடையது, கையெழுத்து துரையுடையது. பிழை வந்தால் மட்டும் ஸ்டெனோ பெயர் வெளியே வரும். அப்படி வாழ்ந்த வம்சம், கோலில் நிற்கும் பிள்ளையைப் பார்த்துக் கூச்சலிடலாமா?

சிலர் கேட்பார்கள்: கோல் போட்டவனை எண்ணிவிடலாம், தடுத்தவளை எப்படி அளப்பது? குறைவாக கோல் விட்டவருக்குக் கொடுத்தால் அது பலமான அணிக்கே போகும். நியாயமான கேள்விதான். 2017-இல் நம் நாட்டில் நடந்த பதினேழு வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பையில் இந்தியா மூன்று ஆட்டங்களிலும் தோற்றது. ஆனாலும் கோல்கீப்பர் தீரஜ் சிங்கைப் பாராட்டாதவர் இல்லை. கண்ணுள்ளவர்களுக்குத் தெரியும். ஆடத் தெரிந்த இருவரைக் கோலுக்குப் பின்னால் நாற்காலி போட்டு உட்காரவையுங்கள். தடுத்ததை மட்டும் அவர்கள் குறித்துக்கொள்ளட்டும். பந்தலடியில் உட்கார்ந்திருப்பவர்கள் வேண்டாம், என்னையும் சேர்த்துத்தான்.

நம் வீட்டு வாசலிலேயே டி.ஒய்.பாட்டீல் அரங்கம் இருக்கிறது. 2022-இல் பதினேழு வயதுக்குட்பட்ட பெண்கள் உலகக் கோப்பை இறுதி ஆட்டம் அங்கேதான் நடந்தது. ஸ்பெயின் கொலம்பியாவை 1-0 என்று வென்றது. ஒரே ஒரு கோல் விழுந்த ஆட்டம். மீதி நேரமெல்லாம் அங்கே என்ன நடந்தது என்று நினைக்கிறீர்கள்?

ஆகவே, அடுத்த விழாவிலிருந்து எஸ்.எஸ்.நாராயணன் நினைவாக ஒரு சுழற்கோப்பை, சிறந்த கோல்கீப்பருக்கு. முதல் கோப்பையின் செலவை நான் ஏற்றுக்கொள்கிறேன். அவர் குடும்பத்தாரின் சம்மதத்தைக் கேட்டுப் பெறும் பொறுப்பைத் தாணேப் பக்கம் இருக்கும் உறுப்பினர் யாராவது ஏற்றால் நலம். அந்தப் பெண்ணின் அம்மாவிடம் இதுவரை நான் ஒன்றும் சொல்லவில்லை. செயற்குழு என்ன முடிவெடுக்கிறது என்று தெரிந்தபின் போய்ப் பார்க்கலாம் என்றிருக்கிறேன். பயிற்சி தொடங்க இன்னும் ஆறு வாரம் இருக்கிறது.