காட்டுக்குள் யார் போகலாம்?

அமெரிக்கத் தேசியப் பூங்காக்களில், கூடாரத்தை முதுகில் சுமந்து சாலை எட்டாத காட்டுக்குள் நடந்து ஓர் இரவு தங்க வேண்டுமானால், பெரும்பாலான இடங்களில் முதலில் பெர்மிட் வாங்க வேண்டும். பெயர்பெற்ற பாதைகளுக்கு அது பெரும்பாலும் கணினிக் குலுக்கலில்தான் கிடைக்கும். பகலில் ஏறி இறங்குவதற்குக்கூடச் சில சிகரங்களில் இதே நிலைதான். கலிபோர்னியாவின் யோசெமிட்டி பூங்காவிலுள்ள ஹாஃப் டோம் பாறையில் ஏற 10 டாலர் கட்டி விண்ணப்பிக்க வேண்டும். குலுக்கலில் பெயர் விழுந்தால் தலைக்கு மேலும் 10 டாலர். விழாவிட்டால் முதலில் கட்டிய பணம் திரும்பாது. இந்த ஏற்பாட்டைத் திட்டுபவர்களும் ஆதரிப்பவர்களும் இரண்டு கேள்விகளை ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள். ஒரு நாளைக்கு எத்தனை பேரை விடுவது என்பது ஒரு கேள்வி. அந்த எண்ணிக்கைக்குள் யாரை விடுவது என்பது இன்னொன்று. முதல் கேள்விக்குப் பூங்கா நிர்வாகம் கண்டிருக்கும் விடை நியாயமானது. இரண்டாவதற்குக் கண்டிருக்கும் விடையைத் திருத்தியாக வேண்டும்.

எண்ணிக்கையை முதலில் பார்ப்போம். ஹாஃப் டோமின் கடைசி 120 மீட்டர் வழுக்குப் பாறை. 1919இல் முதன்முதலில் பொருத்தப்பட்ட எஃகுக் கம்பிவடங்களைப் பிடித்துத்தான் ஏற முடியும். இறங்கவும் அதே வழிதான். அனுமதிமுறை வருவதற்கு முன், கோடைக்கால வார இறுதிகளில் ஒரே நாளில் சுமார் 1,000 பேர் அங்கே குவிந்தார்கள். திடீரென்று இடியும் மழையும் வந்தால், மேலே இருப்பவர்கள் கீழே இருப்பவர்களைத் தாண்டி இறங்க வழியில்லை. 2010இல் வார இறுதிகளுக்கும் விடுமுறை நாள்களுக்கும், 2011இல் எல்லா நாள்களுக்கும் பெர்மிட் கட்டாயமானது. இன்று நாளொன்றுக்கு 300 பேர்தான். அமெரிக்காவின் ஒன்றையொன்று ஒட்டிய மாநிலங்களில் மிக உயரமான விட்னி சிகரத்துக்கு, மே முதல் நவம்பர் தொடக்கம் வரை, நாளொன்றுக்குப் பகல்நேர நடையர்கள் 100 பேர், தங்கிச் செல்வோர் 60 பேர். அங்கே மனிதக் கழிவைக்கூடப் பையில் கட்டிக் கீழே கொண்டுவர வேண்டும் என்பது விதி. மண் குறைந்த அந்த உயரத்தில் அதைப் புதைக்க இடமில்லை.

மக்களின் வரிப்பணத்தில் நடக்கும் பொது நிலத்துக்குள் போக எதற்கு அனுமதி என்று கேட்பவர்கள் உண்டு. பொதுச்சொத்து என்பதால்தான் அதற்குக் காவல் தேவைப்படுகிறது. 1964ஆம் ஆண்டின் வனாந்தரச் சட்டம் காக்கச் சொல்லும் பண்புகளில் தனிமையும் ஒன்று. ஆயிரம் பேர் வரிசை கட்டும் பாதையில் அது இருக்காது. மேலும், வரம்பு என்றாலே கெடுபிடி என்று ஆகிவிடாது. யோசெமிட்டியின் காட்டுப் பகுதியில் 1970களிலிருந்து நடப்பிலுள்ள முறை, ஒவ்வொரு பாதையின் தொடக்கத்திலும் அன்றைக்கு எத்தனை பேர் நுழையலாம் என்பதை மட்டுமே வரையறுக்கிறது. உள்ளே போனபின் எந்த இரவு எங்கே தங்குவது என்பது பெரும்பாலும் நடப்பவரின் விருப்பம். வாசலில் ஓர் எண்ணைக் கட்டுப்படுத்தினால் உள்ளே கூட்டம் தானே பரவிவிடும் என்பதைக் கணக்கிட்டு வகுத்த முறை இது. பெர்மிட்டை நேரில் வாங்க வருபவரிடம், கரடி திறக்க முடியாத உணவுப்பெட்டி, தீ மூட்டும் விதி, ஆற்றைக் கடப்பதில் உள்ள ஆபத்து ஆகியவற்றை ரேஞ்சர் சொல்லி அனுப்பவும் இது வாய்ப்பாகிறது.

கோளாறு பங்கீட்டில் இருக்கிறது. ஹாஃப் டோமின் முக்கியக் குலுக்கல் மார்ச்சில் முடிந்துவிடும். யோசெமிட்டி காட்டுப் பெர்மிட்டுகளில் 60 சதவீதம் 24 வாரங்களுக்கு முன்பே குலுக்கலில் போய்விடுகிறது. மீதி 40 சதவீதம் 7 நாள் முன்னதாக, அதுவும் இணையத்தில்தான் திறக்கிறது. ஆகஸ்ட் விடுப்பை மார்ச்சிலேயே உறுதிசெய்ய முடிகிற அலுவலருக்கு இது பொருந்தும். அடுத்த வார ஷிஃப்ட் என்னவென்று இந்த வாரம்தான் தெரிகிற கடைத் தொழிலாளிக்குப் பொருந்தாது. தேசியப் பூங்காக்களின் சாலையோர முகாம்களைப் பற்றி 2022இல் வெளியான ஓர் ஆய்வு, முன்பதிவில் இடம் பிடித்தவர்கள் நேரில் வந்து இடம் பிடித்தவர்களைவிட வருமானம் கூடிய பகுதிகளிலிருந்து வந்தவர்கள் என்று காட்டியது. குலுக்கல் குருடு என்பது உண்மைதான். ஆனால் அதில் சீட்டு எழுதிப் போடக்கூடியவர்கள் யார் என்பதை வசதிதான் முடிவுசெய்கிறது.

பணத்தின் கணக்கும் தெளிவாக இல்லை. இந்தக் குலுக்கல்களும் முன்பதிவுகளும் நடக்கும் ரெக்ரியேஷன்.கவ் என்ற அரசுத் தளத்தை ஒப்பந்தத்தில் நடத்துவது பூஸ் ஆலன் ஹாமில்டன் என்ற தனியார் நிறுவனம். பரிவர்த்தனைகளை ஒட்டியே அதற்கு வருவாய். அப்படி ஓர் ஏற்பாட்டில், தோற்றுப்போகும் விண்ணப்பங்களைக் குறைக்க யாருக்கும் அவசரம் இருக்காது. லாஸ் வேகாஸ் அருகிலுள்ள ரெட் ராக் பள்ளத்தாக்கில் இத்தளம் வசூலித்த 2 டாலர் கட்டணம், மக்கள் கருத்தைக் கேட்காமல் விதிக்கப்பட்டதால் செல்லாது என்று 2022இல் கூட்டாட்சி நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

இந்தப் பங்கீட்டையும் கட்டணத்தையும் மாற்றச் சொன்னால் இரண்டு மறுப்புகள் வரும். நேரில் வரிசையில் நிற்பவருக்கே பெர்மிட் என்றால், 3,000 கிலோமீட்டர் தாண்டி வருபவர் வெறுங்கையோடு திரும்ப நேரிடாதா என்பது முதலாவது. நேரிடும். அதனால்தான் முழுவதையும் ஒரே வழியில் கொடுக்கக் கூடாது என்கிறோம். தொலைவிலிருந்து வருபவருக்கு முன்பதிவு, திட்டமிட முடியாதவருக்குப் பூங்கா வாசலில் ஒரு நிலையான பங்கு என இரண்டும் வேண்டும். கட்டணம் இல்லாவிட்டால் ஒருவரே பத்து விண்ணப்பம் போடுவார் என்பது இரண்டாவது. பெர்மிட் வாங்கும்போது அடையாள அட்டையைச் சரிபார்த்து, ஒருவருக்கு ஒரு விண்ணப்பம் என்று கறாராக நடத்தினால் இதைத் தடுக்கலாம். பணத்தை வென்றவரிடம் மட்டும் வாங்கினால் போதும். பெர்மிட் வாங்கிவிட்டு வராமல் இருப்பவரின் இடம் அன்று காலையே வாசலில் காத்திருப்பவருக்குப் போக வேண்டும். சொல்லாமல் வராதவர் அடுத்த ஆண்டுக் குலுக்கலில் சேரக் கூடாது.

தமிழகத்துக்கும் இதில் பாடம் உண்டு. 2018 மார்ச்சில் குரங்கணிக் காட்டுத்தீ 20க்கும் மேற்பட்ட உயிர்களைப் பறித்தபின் இங்கே மலையேற்ற விதிகள் வந்தன. 2024 அக்டோபரில் 40 பாதைகளுக்கு இணைய முன்பதிவு தொடங்கியது. இங்கே குலுக்கல் இன்னும் வரவில்லை. கூட்டம் கூடும்போது வரம்பை இறுக்குவது சரியே. அப்போது தோற்றவரிடம் காசு வாங்காத, கணினி இல்லாதவருக்கும் வாசலில் ஓர் இடம் வைத்திருக்கிற முறையை வனத்துறை முதல் நாளிலிருந்தே வகுத்துக்கொள்ள வேண்டும். பழகிப்போன ஒரு கட்டணத்தைப் பின்னால் எடுப்பது எந்த அரசுக்கும் எளிதல்ல.