சலுகை வேண்டாம், விசாரணை வேண்டும்

2012 ஏப்ரல் 20, வெள்ளிக்கிழமை. தம்புள்ளை ஹைரியா பள்ளிவாசலில் ஜும்ஆ தடைப்பட்டது. புனித பூமியில் சட்டவிரோதக் கட்டடம் என்றார்கள். எமது பள்ளி பழையது என்றோம். அந்தப் பதில் போதாது என்பதே என் வாதம்.

எமது மலைகளைக் கோப்பிக்குத் தாரைவார்த்த 1840ஆம் ஆண்டுக் காணிச் சட்டங்கூட, பத்து வருடம் தொடர்ந்து ஆண்டு திருத்தியவன் பாதிப் பெறுமதி செலுத்தி உறுதி கேட்கலாம் என்றது. சுதந்திர நாட்டின் 1979ஆம் ஆண்டு 7ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ், நீதவான் முன் ஒரேயொரு பதில்தான் எடுபடும்: வலுவிலுள்ள அரச அனுமதிப்பத்திரம். எத்தனை வருடம் இருந்தாய் என்ற கேள்விக்கே அங்கு இடமில்லை. வரன்முறைப்படுத்தல் உரிமையாக இல்லை. அதிகாரியின் தயவாகவே இருக்கிறது.

பேர்மிட் இல்லாத சேனைக்காரச் சிங்களவனுக்கும் லயத்தருகே மரக்கறி போட்ட தோட்டத் தமிழனுக்கும் இதே கதிதான். 2013இல் தம்புள்ளை பத்திரகாளியம்மன் கோயில் இடிக்கப்பட்டபோது எமது பேனாக்கள் எங்கே போயின? என் பேனாவும் உறங்கியது. வெட்கத்தோடு ஒப்புக்கொள்கிறேன்.

பள்ளிக்கு மட்டும் விதிவிலக்குக் கேட்பவன், நாளை கோயிலுக்கு மறுக்கப்படுவதற்கும் இன்றே கையொப்பமிடுகிறான். வெளியேற்றுமுன் எவரையும் விசாரி என்று கேட்போம். அதுவே நீதி.