சுதை வீரனுக்குப் படையல், சதை வீரனுக்கு?

வைகைக் கரையிலே, மதுரையின் மேற்கு ஓரத்திலே, கோச்சடை. அங்கே முத்தையா கோயிலிலே குதிரைமீது அமர்ந்திருக்கிறான் காவல் வீரன். எந்தக் களத்திலும் குண்டடி படாத அந்தச் சுதை வீரனுக்கு மாலை உண்டு, மேளம் உண்டு, படையல் உண்டு. களம் கண்டு, உயிர் தப்பி, ஊர் திரும்பிய சதை வீரனுக்கு என்ன உண்டு? அதைத்தான் நாம் கேட்கிறோம்.

1939இல் ஏறத்தாழ 2 இலட்சம் பேர் கொண்டிருந்த இந்தியப் படை, 1945இல் 20 இலட்சத்தைத் தாண்டி நின்றது. ‘போர்க்குடி’ என்றும் ‘போருக்காகாக் குடி’ என்றும் மக்களைப் பிரித்துச் சென்னைப் படைப்பிரிவுகளைக் கலைத்தது வெள்ளை ஆட்சி. வருணத்தின் உடன்பிறப்பல்லவா அந்தப் பிரிவினை! ஆனால் ஆபத்து வந்ததும் அதே ஆட்சி சென்னை ரெஜிமென்டை மீண்டும் எழுப்பியது. சாக ஆள் தேவைப்பட்டபோது குடிப்பிறப்பு குறுக்கே நிற்கவில்லை!

1945 செப்டம்பரில் போர் ஓய்ந்தது, படை குறைக்கப்பட்டது. பதுங்கு குழியிலே கிடந்தவனைப் பகைவன் குண்டு சாதி கேட்கவில்லை. ஊர் எல்லையோ கேட்டது! பதக்கம் மார்பில் இருந்தும் பாதை சேரிக்கே திரும்பியது. தீண்டாமையை ஒழித்த அரசியல் சட்டம் நடைமுறைக்கு வந்ததோ 1950இல்தான்.

மலேயா இரப்பர்த் தோட்டங்களிலிருந்து இந்திய தேசிய இராணுவத்தில் சேர்ந்த தமிழர் எத்தனையோ பேர். 1945 நவம்பரில் செங்கோட்டை வழக்கு தொடங்கியபோது அவ்விராணுவத்துக்காக மேடைகள் முழங்கின. 1947இல் ஆட்சி கைக்கு வந்தது. முழங்கியவர்களே ஆண்டார்கள், அவ்வீரர்களைப் படையில் சேர்க்க மறுத்தார்கள்! விடுதலை வீரர்க்கான நடுவண் அரசின் ஓய்வூதியத் திட்டம் பிறக்க 1972 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

‘எல்லாம் தலைவிதி’ என்பார் பழமைப் பற்றாளர். விதியா? படையைக் கலைக்கும் ஆணையில் கையெழுத்திட்டவன் பிரமன் அல்லன், அரசு!

செத்தவனுக்கு நடுகல் நட்டவர் நம் முன்னோர். பெருமைதான். ஆனால் மீண்டவனுக்குக் கல் வேண்டாம். கஞ்சி வேண்டும், கௌரவம் வேண்டும். 2022இல் வந்த அக்னிபாத் திட்டமோ நான்கே ஆண்டுப் பணிக்கு இளைஞரை அழைக்கிறது. நூற்றுக்கு 25 பேர் வரைதான் அதன்பின் நிலைக்க முடியும். எஞ்சியோர் எங்கே போவார்?

தோழர்களே! வீரனைக் கும்பிடுவது எளிது, வாழவைப்பது கடமை. திரும்பி வருபவனுக்கு வேலை கேட்போம், கல்வி கேட்போம், சாதி கேளாத தெருவைக் கேட்போம். சுதைக் குதிரை எத்தனை காலம் நின்றாலும் ஒருவனையும் கரை சேர்க்காது. கரை சேர்க்க வேண்டியவர்கள் நாம்!